எம்.பி.யின் சொந்தக் கையெழுத்து

பதினாலு வருஷத்தில் முதல் தடவையாக எம்.பி. தொகுதிக் கடிதத்தில் தன் கையெழுத்தைத் தானே போட்டார். காலையில் வரிசையாக நாற்பத்திரண்டு கடிதங்களில் போட்டுத் தள்ளினார். அதில் அவசரமான ஒன்று மட்டும் பதினோரு மணிக்கு நிவாரண நிதி அலுவலகத்துக்குப் போனது. பன்னிரண்டேகாலுக்குத் திரும்பி வந்துவிட்டது.

கொண்டுவந்த டிரைவர் அதை எம்.பி.யின் அக்காவிடம்தான் நீட்டினார். எம்.பி. பக்கத்து நாற்காலியில்தான் இருந்தார். ஆனால் அந்த வீட்டு முன்ஹாலில் எந்தக் காகிதத்துக்கும் அக்காவின் கைதான் வழி. கடிதத்தின் மேல் மூலையில் சிவப்பு மையில் ஒரே வரி: ‘கையெழுத்து மாதிரி அட்டையோடு பொருந்தவில்லை.’

“என்ன பொருந்தலையாம்?” என்று எம்.பி. எட்டிப் பார்த்தார்.

“உன் கையெழுத்து.”

“யார் கையெழுத்தோட?”

“உன் கையெழுத்தோட” என்றாள் அக்கா. சொல்லும்போதே சிரிப்பு வந்தது. சிரிக்கத்தான் தெம்பில்லை.

விஷயம் இவ்வளவுதான். தம்பி முதல் தடவை ஜெயித்த வாரம், அரசாங்க அலுவலகங்களிலிருந்து மாதிரிக் கையெழுத்து அட்டைகள் வந்து குவிந்தன. வாசலில் கைகுலுக்க வந்த கூட்டம். தலைநகரத்துக்கு ரயில் ஏற இன்னும் அரை மணி நேரம். “கையெழுத்தைப் போட்டுட்டுப் போடா” என்றாள் அக்கா. “நீயே போடேன், என்ன இப்ப?” என்று ஒரு காலில் செருப்போடு ஓடினான் அவன். அவளும் போட்டாள். அவர்களுடையது ஜவுளிக்கடைக் குடும்பம். அப்பா சாப்பிடப் போனால், கல்லாவில் யார் உட்கார்ந்திருக்கிறார்களோ அவர்கள்தான் அப்பா; அவர்கள் போடுவதுதான் அப்பாவின் கையெழுத்து. அதைத் தப்பு என்று அந்த வீட்டில் யாரும் கனவில்கூட நினைத்ததில்லை. தேசம் என்பது கொஞ்சம் பெரிய கடை என்று அக்கா எடுத்துக்கொண்டாள்.

அதற்கப்புறம் பதினோராயிரம் கடிதங்கள். ஓய்வூதியம் நின்றுபோனவர், கப்பலில் போய்ச் சேதி வராதவன், பள்ளிக்கூடத்தில் இடம் கிடைக்காத பிள்ளை, பத்து வருஷமாக ‘பரிசீலனையில்’ கிடக்கும் ஒரு பாலம். எல்லாவற்றுக்கும் அக்கா கேட்டாள், எழுதினாள், கையெழுத்துப் போட்டாள், அப்புறம் தொலைபேசியில் பேரம் பேசினாள். “மூணு மாசம் ஆகும்மா” என்று ஓர் அதிகாரி சொன்னால், “சரி, மூணு வாரத்துல முடிச்சுடுங்க” என்பாள், விலை கேட்ட சேலையைப் பாதிக்குக் கேட்கிற குரலில். ஆறு வாரத்தில் படியும். எண்பது வயசுக் கிழவரும் அவளை அக்கா என்றுதான் கூப்பிடுவார். இப்போது அவளுக்கே அறுபத்திமூணு.

தம்பியைச் சும்மா சொல்லக்கூடாது. மன்றத்தில் வருகை தொண்ணூற்றேழு சதவீதம். அறுநூற்றுப் பதினாலு கேள்விகள். துறைமுகத் தீர்வைச் சட்டத்தில் அவர் கொண்டுவந்த திருத்தத்தைப் பற்றி எதிர்க்கட்சிக்காரர்களே நல்ல வார்த்தை சொன்னதுண்டு. அந்தத் திருத்தத்தால் யாருக்கு என்ன லாபம் என்று தொகுதியில் கேட்டால், துறைமுகம் இங்கேயிருந்து முந்நூறு மைல் என்பார்கள். ஊருக்கு வந்தால் தெருவில் நாலு பேர் நிறுத்தி நன்றி சொல்வார்கள். எதற்கு என்று அவருக்குத் தெரியாது. தலையை ஆட்டிவைப்பார். ஆட்டி ஆட்டி அந்தத் தலையாட்டல் மட்டும் நன்றாகப் பழகிவிட்டது.

பத்து நாளைக்கு முன்னால் அக்கா குளியலறையில் வழுக்கி விழுந்தாள். வலது மணிக்கட்டு எலும்பு முறிந்து, முழங்கைவரை மாவுக்கட்டு. கடிதங்கள் குவிந்தன. வருகிறவர்களிடம் “எம்.பி. ஊர்ல இல்லை, வந்ததும் ஆயிடும்” என்றாள். எம்.பி. ஊரில் இல்லாததால் அந்தத் தொகுதியில் ஒரு வேலை நின்றது என்றால் அதுதான் முதல் தடவை.

இன்றைக்கு அவர் வந்திருப்பதும் கடிதத்துக்காக அல்ல. சாயங்காலம் நாலு மணிக்குத் தேர்தல் தேதி அறிவிப்பு. அறிவித்த நிமிஷத்திலிருந்து நடத்தை விதி. ஓட்டு எண்ணி முடிக்கிறவரை எந்த எம்.பி.யின் கடிதத்தையும் எந்த அலுவலகமும் கையால் தொடாது. இரண்டு மாசம். நாற்பத்தோரு கடிதங்கள் அதுவரை பொறுக்கும். ஒன்று பொறுக்காது.

அந்த ஒன்றுக்குச் சொந்தக்காரர் காலை ஏழு மணியிலிருந்து சுவரோர பெஞ்சில் உட்கார்ந்திருந்தார். தையல்காரர். சட்டைக் காலரில் ஊசி குத்தியபடியே வந்திருந்தார். ஒன்பது வயசு மகளுக்கு இதயத்தில் வால்வு பழுது. நாளைக் காலை ஆபரேஷனுக்குப் படுக்கை ஒதுக்கியிருக்கிறது. நிவாரண நிதியின் அனுமதிச் சீட்டு இன்றைக்குள் போகாவிட்டால் படுக்கை அடுத்த ஆளுக்கு. எம்.பி. கடிதம் பதிவேட்டில் ஏறினால்தான் சீட்டு. இரண்டு மாசம் தள்ளிப்போடலாமா என்று கேட்டதற்கு டாக்டர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தாராம்.

“என்னக்கா, ஆயிடுச்சா?” என்று தையல்காரர் பெஞ்சிலிருந்தே கேட்டார்.

“ஒரு சின்னத் திருத்தம். நீங்க டீ குடிங்க” என்றாள் அக்கா. பதினாலு வருஷத்தில் இந்த வாக்கியத்தை எத்தனை ஆயிரம் தடவை சொல்லியிருப்பாள்! இன்றைக்கு அது வாயில் சவசவவென்றிருந்தது.

தம்பியை உள் அறைக்கு இழுத்துப்போனாள். பழைய கடித நகல் ஒன்றை மேஜைமேல் விரித்தாள்.

“இதைப் பார்த்துப் போடு.”

“நான் என் கையெழுத்தைக் காப்பியடிக்கணுமா?”

“என் கையெழுத்தை. பேசாம போடு.”

போட்டார். கோழி கிளறியது மாதிரி இருந்தது. மறுபடி போட்டார். இன்னும் மோசம்.

“முதல் எழுத்து கொக்கி மாதிரி கீழே இறங்கணும். நீ என்ன, குடையை விரிக்கிற?”

“இந்தக் கடைசிப் புள்ளி எதுக்கு வெச்ச?”

“பேனா நின்ன இடம். அப்படியே பழகிடுச்சு.”

“எனக்கு இவ்வளவு பொறுமையா கையெழுத்துப் போட்டுப் பழக்கமில்லக்கா.”

“தெரியும். பதினாலு வருஷமாத் தெரியும்.”

ஒரு குயர் காகிதம் தீர்ந்தது. அக்கா இடது கையால் முயன்றாள். அது கையெழுத்தாக இல்லை, நாடித்துடிப்புப் படமாக இருந்தது. மணி ஒன்றரை.

“கிளம்பு. நேர்ல போய்ப் பேசிப் பாப்போம். ஆளே வந்து நின்னா என்ன பண்ணுவான்?” என்றாள்.

நிவாரண நிதி அலுவலகம் ஊரின் அந்தக் கோடியில், மாடியில். வண்டி நெரிசலில் ஊர்ந்து போய்ச் சேர்வதற்குள் இரண்டரை. அதிகாரி சாப்பிட்டுவிட்டு மூணேகாலுக்கு வந்தார். அவருக்குக் கோந்து என்று பட்டப்பெயர். ஒரு காகிதம் அவர் மேஜையில் ஒட்டினால் பிய்த்தெடுக்க முடியாது. லஞ்சம் வாங்க மாட்டார், வாங்குகிறவரிடம் இருக்கிற இளக்கமும் கிடையாது.

“வாங்க சார், உக்காருங்க. உங்களைத் தெரியாதா? சுவரெல்லாம் நீங்கதானே.”

“அப்ப கடிதத்தை ஏத்துக்கிட்டு முத்திரை வைங்க” என்றார் எம்.பி.

“உங்களைத் தெரியும் சார். இந்தக் கையெழுத்தைத்தான் தெரியல.”

“உங்க கண்ணு முன்னாடி போடறேன்.”

“போடுங்க. நீங்க போட்டீங்கன்னு நான் எங்க வேணா வந்து சாட்சி சொல்றேன். ஆனா எம்.பி. போட்டாருன்னு அட்டை சொல்லணுமே?”

அக்கா நாற்காலியை முன்னால் இழுத்துப் போட்டுக்கொண்டாள். “ஏங்க, வயசானா கையெழுத்து மாறாதா? எனக்கே எவ்வளவு மாறிடுச்சு.”

கோந்து அவளுடைய மாவுக்கட்டைப் பார்த்தார். அப்புறம் கடிதத்தைப் பார்த்தார். பார்த்த விதத்திலேயே எல்லாம் புரிந்துவிட்டது என்று அக்காவுக்குப் புரிந்தது.

“மாறும்மா. ஆனா வலப்பக்கம் சாஞ்ச எழுத்து ஒரே ராத்திரியில இடப்பக்கம் சாயாது.”

“அட்டையை மாத்திடுங்க. புதுசா போட்டுக் குடுத்துடறார்.”

“தாராளமா. அதுக்கு எம்.பி. கிட்டேயிருந்து ஒரு கடிதம் வேணும்.”

“இப்பவே எழுதித் தரேன்” என்றார் எம்.பி.

“பழைய கையெழுத்தோட.”

அவர்களோடு வண்டியில் வந்து வாசலில் நின்ற தையல்காரருக்கு இதெல்லாம் பாதிதான் கேட்டது. கேட்ட பாதியும் புரியவில்லை. சுவர்க் கடிகாரத்தைப் பார்த்துவிட்டு அக்காவைப் பார்த்தார். அந்தப் பார்வைக்கு அவள் முதுகைக் காட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். இருந்தும் முதுகில் பட்டது.

“ஏதாவது ஒரு வழி இருக்கும். நீங்க சொல்லாம விட்டதா இருக்கும்” என்றாள் கோந்திடம். கடையில் ‘உள்ளே வேற சரக்கு இருக்கா?’ என்று கேட்கிற அதே குரல்தான். ஆனால் அடியில் தெம்பு இல்லை.

கோந்து கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றினார். “ஒண்ணு இருக்கு. அட்டையில இருக்கறது தன் கையெழுத்தே இல்லைன்னு அவரே எழுதிக் குடுக்கணும். அப்ப பழைய கையெழுத்து தேவையில்ல. உடனே புது அட்டை, உடனே முத்திரை. ஆனா சொல்லிட்டேன், அந்தக் காகிதம் கோப்புல ஏறும். கோப்பை யார் வேணா கேட்டு வாங்கிப் பாக்கலாம். தேர்தல் நேரம்.”

மணி மூணு முப்பத்தைந்து.

எம்.பி. பேனாவின் மூடியைத் திறந்தார். பிறகு, “ஒரு வெள்ளைத்தாள் குடுங்க” என்றார்.

எழுதுவதில் அவர் கெட்டிக்காரர். அறுநூற்றுப் பதினாலு கேள்வி எழுதிய கை. இரண்டே வரி, அடித்தல் திருத்தல் இல்லை. எழுதி முடித்துக் கோந்திடம் நீட்டினார். கோந்து அதைப் படித்துவிட்டு, தன் பக்கம் வைத்துக்கொள்ளாமல் அக்காவின் பக்கம் தள்ளினார்.

‘மாதிரி அட்டையில் உள்ள கையெழுத்து என்னுடையது அல்ல. அது எனக்குத் தெரியாமல் என் அலுவலகத்தில் ஒருவரால் இடப்பட்டது.’

அக்கா இரண்டு தடவை படித்தாள். எனக்குத் தெரியாமல். ஒருவரால். சின்னச் சின்ன வார்த்தைகள்தான். முதல் வார்த்தைக்கு அர்த்தம், பதினோராயிரம் கடிதமும் செல்லாது. எவனாவது கிளறினால் ஓய்வூதியம் வாங்கும் கிழவிகள்வரை கூப்பிட்டு விசாரிப்பார்கள். இரண்டாவது வார்த்தைக்கு அர்த்தம் அவளேதான். போலீஸ் வந்தால் மாவுக்கட்டோடு போக வேண்டியதுதான். தம்பி மட்டும் தப்பித்துவிடுவார். ஏமாந்த நல்லவர் என்று நாலு ஓட்டு கூடவே விழும்.

கோந்து நாற்காலியில் சாய்ந்து காத்திருந்தார். இவள் இப்போது பிடித்துக்கொள்வாள், ஒவ்வொரு எழுத்துக்கும் மல்லுக்கட்டுவாள் என்று அவருக்குத் தெரியும். தொலைபேசியில் பதினாலு வருஷமாக வாங்கிக் கட்டிக்கொண்டவர் ஆயிற்றே.

“சரி” என்றாள் அக்கா. “இது போதும். முத்திரை வைங்க.”

தம்பி நிமிர்ந்தார். “என்ன?”

“போதும்னேன். அவர் வேலையைப் பாக்கட்டும்.”

“ஒண்ணுமே சொல்லலையே நீ?”

“என்ன சொல்லணும்? மணி மூணு நாப்பது. அந்தக் குழந்தைக்கு நாளைக்கு ஆபரேஷன். வெக்கச் சொல்லு.”

இது வியாபாரத் தந்திரம் இல்லை. தந்திரத்துக்கும் கொஞ்சம் தெம்பு வேண்டும். அவளுக்கு உண்மையாகவே அவ்வளவுதான் இருந்தது. வீட்டுக்குப் போய்க் காலை நீட்டிப் படுக்க வேண்டும். வாசல் மணி அடித்தால் எழுந்திருக்கக் கூடாது. அதற்கு ஜெயில்தான் இடமென்றால், அங்கே வாசல் மணியாவது இருக்காது.

ஆனால் தம்பியும் அதே கடையில் வளர்ந்தவர். அவர் முகம் ஒரு மாதிரி ஆனதை அக்கா பார்த்தாள். சொன்ன விலையை மறுபேச்சில்லாமல் கொடுத்துவிட்டுப் போகிற வாடிக்கைக்காரரைக் கண்டால் அப்பாவுக்கு ஆகாது. பேரம் பேசுகிறவர் திரும்பி வருவார்; இவர் வர மாட்டார் என்று அன்றைக்கெல்லாம் புலம்பிக்கொண்டிருப்பார். அம்பத்தெட்டு வயசில் இந்த மனுஷருக்கு அது இப்போதுதான் உறைக்கிறது போலிருந்தது.

“குடு அதை” என்றார்.

“நேரமில்லடா.”

“குடுக்கா.”

காகிதத்தை இழுத்தார். ‘எனக்குத் தெரியாமல்’ மேல் ஒரு கோடு. ‘ஒருவரால்’ மேல் ஒரு கோடு. கோடுகள்கூட இடப்பக்கம் சாய்ந்துதான் விழுந்தன. மேலே இடுக்கி எழுதினார்: ‘நான் சொல்லி’, ‘என் அக்காவால்’. கீழே இன்னொரு வரி: ‘அவர் இதுவரை கையெழுத்திட்டு அனுப்பிய கடிதங்கள் யாவும் என் கடிதங்களே, பொறுப்பும் என்னுடையதே.’

கோந்து படித்தார். “கடைசி வரி தேவையில்ல சார். விதியில கேக்கல.”

“மன்றத்துல பாதி அப்படித்தான் எழுதறோம். கிடக்கட்டும்.”

“அடிச்ச இடத்துலெல்லாம் பக்கத்துல ஒரு சின்னக் கையெழுத்து.”

“எந்தக் கையெழுத்து?”

“இனிமே உங்களோடதுதான் சார்” என்றார் கோந்து. அவர் சிரித்து அக்கா அன்றைக்குத்தான் பார்த்தாள். சிரிப்பு என்று அடித்துச் சொல்லவும் முடியாது.

புது அட்டை வந்தது. மூணு கட்டம், மூணு கையெழுத்து. எம்.பி. போட்டார். மூணும் மூணு விதம்.

“மூணும் ஒரே மாதிரி இருக்கணும் சார்.”

“என் கையெழுத்தே இப்படித்தான்யா!”

“வேற அட்டை தரேன். மெதுவாப் போடுங்க.”

அட்டை நழுவாமல் அக்கா இடது கையால் ஒரு மூலையை அழுத்திப் பிடித்துக்கொண்டாள். அவர் நாக்கைத் துருத்திக்கொண்டு, ஒவ்வொரு எழுத்தாக இறக்கினார். கோந்து மூணையும் மாற்றி மாற்றிப் பார்த்தார். தலையை ஆட்டினார். தையல்காரரின் கடிதத்தில் மறுபடி கையெழுத்து, ஒப்பீடு, பதிவேட்டில் எண், தேதி, நேரம். மூணு ஐம்பத்திமூணு. முத்திரை விழுந்தது. அனுமதிச் சீட்டு கிழிந்து வந்தது.

தையல்காரர் சீட்டை வாங்கிக்கொண்டு எம்.பி.யைப் பார்த்துக் கையெடுத்தார். எம்.பி. வழக்கம்போலத் தலையாட்டப் போய், பாதியில் நிறுத்திக்கொண்டார். தையல்காரருக்குக் குழப்பம். கூப்பிய கையை அப்படியே அக்கா பக்கம் திருப்பினார்.

“அப்புறம் கும்பிடலாம். ஓடுங்க” என்றாள் அவள். “ஆஸ்பத்திரியில ரெண்டாம் நம்பர் ஜன்னல். முதல் ஜன்னல்ல நின்னுடாதீங்க, அவன் அஞ்சு மணிவரைக்கும் நிக்க வெச்சுட்டு, இங்க இல்லம்பான்.”

படிகளில் அவர் செருப்புச் சத்தம் தடதடவென இறங்கிப் போயிற்று.

இருவரும் வெளியே தாழ்வாரத்து பெஞ்சில் உட்கார்ந்தார்கள். டிரைவர் வண்டியைத் திருப்பிக் கொண்டுவர வேண்டும். பக்கத்து அறைத் தொலைக்காட்சியில் தேதிகளை வாசித்துக்கொண்டிருந்தார்கள். எத்தனை கட்டம், எந்தக் கிழமை. எம்.பி. கேட்டதாகத் தெரியவில்லை.

“நாளைக்கே பேப்பர்ல வந்துடும்” என்றார்.

“ம்.”

“கட்சி சீட்டு குடுக்காது.”

“குடுக்காது.”

“உன்னையும் கூப்பிட்டு விசாரிப்பாங்க.”

“கூப்பிடட்டும். நீ சொல்லித்தான் போட்டேன்னு நீயே எழுதியாச்சே.” சுவரில் தலையைச் சாய்த்துக்கொண்டாள். “அதை முதல் வரியிலேயே எழுதியிருக்கலாம்டா.”

“எழுதியிருக்கலாம்” என்றார். பேனாவைச் சட்டைப்பையில் செருகிக்கொண்டு, “கோவமா?” என்று கேட்டார்.

“இருக்கும். இப்ப தெரியல. தூங்கி எழுந்து பாக்கறேன்.”

அவளுடைய கைப்பைக்குள் கைபேசி அதிர்ந்தது. நின்றது. மறுபடி அதிர்ந்தது. அவளுக்கு எப்போதும் அப்படித்தான். நாள் ஒன்றுக்கு நூறு தடவை. கண்ணைத் திறக்காமலேயே இடது கையால் துழாவி எடுத்து அவர் மடியில் வைத்தாள்.

“யாரு?”

“தெரியாது. எடு. அவங்களே சொல்லுவாங்க.”

எம்.பி. அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு எடுத்தார். “ஹலோ?”

“அக்கா இல்லையா?” என்றது ஒரு வயசான பெண் குரல். சந்தேகப்படுகிற குரல்.

“இருக்காங்க. அசந்திருக்காங்க” என்றார் அவர். சட்டைப்பையில் பேனாவைத் தேடினார். “என்கிட்ட சொல்லுங்கம்மா. கொஞ்சம் மெதுவாச் சொல்லுங்க, எனக்குப் பழக்கமில்ல.”